பென்சிலின் சிவப்பு முனை

என் மேசை லாச்சியில் ஒரு பென்சில் துண்டு கிடக்கிறது. ஒரு முனை சிவப்பு, மறுமுனை நீலம். முன்பெல்லாம் கந்தோர்களில் கணக்குச் சரிபார்க்கிறவர்கள் காதில் செருகியிருப்பார்களே, அந்த வகை. இப்போது என் சுண்டுவிரல் அளவுகூட இல்லை. நீலம் ஓரளவு மிஞ்சியிருக்கிறது. சிவப்பு மரத்தோடு மரமாகத் தேய்ந்துவிட்டது. புறநகர் சார்செல்லுக்கு வீடு மாறி வந்தபோது எத்தனையோ சாமான்களை எறிந்தோம், இதை எறிய எனக்கு மனம் வரவில்லை. என் மனைவி இரண்டு தடவை குப்பைக்குள் போட்டாள். இரண்டு தடவையும் எடுத்துவிட்டேன். "உந்தக் கட்டையிலை அப்பிடி என்ன இருக்கு?" என்று கேட்டாள். ஒன்றுமில்லை என்றேன். அது பொய். அந்தப் பென்சில் என்னுடையதும் அல்ல.

அது மதாமுடையது. கந்தோரில் எல்லாரும் அவரை அப்படித்தான் அழைத்தார்கள். மதாம் என்றவுடன் வயதான ஒரு பெண்ணை நினைத்துவிடக் கூடாது. என்னைவிட ஆறு வயது குறைந்தவர். புதுச்சேரித் தமிழர். தகப்பனார் பிரெஞ்சுப் படையில் இருந்து ஓய்வு பெற்றவர் என்பதால் மதாமுக்குப் பிறப்பிலேயே இந்த நாட்டுக் குடியுரிமை. எனக்கோ மூன்று மாதத்துக்கு ஒருமுறை வரிசையில் நின்று முத்திரை குத்தவேண்டிய ஒற்றைத் தாள். தமிழைத் தவிர எங்கள் இருவருக்கும் பொதுவாக ஒன்றும் இல்லை என்றுதான் முதலில் நினைத்தேன். அந்தத் தமிழும் ஒத்துவரவில்லை. ஆமாம் என்பதற்கு நான் "ஓம் மதாம்" என்றால் சிரிப்பார். "கோயில்ல மந்திரம் சொல்ற மாதிரியே இருக்கு முசியே" என்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். வெளியே காட்டமாட்டேன். அந்தக் காலத்தில் நான் எதையுமே வெளியே காட்டுவதில்லை.

எண்பதுகளின் பிற்பகுதி அது. லா சப்பலில் ஓர் அறையில் ஆறு பேர் இருந்தோம். ஜன்னலைத் திறந்தால் வடக்கே போகும் தண்டவாளங்கள். நாள் முழுக்க ரயில்கள் வேறு நாடுகளுக்குப் போய்க்கொண்டிருக்கும். என் தாளை வைத்துக்கொண்டு எல்லையைத் தாண்ட முடியாது, தாண்டினால் உள்ளே வர முடியாது, ஊருக்குத் திரும்பவும் முடியாது. யாழ்ப்பாணத்தில் மனைவியும் நாலு வயது மகளும் இருந்தார்கள். என்னை அகதி என்று ஏற்றுக்கொண்டால்தான் அவர்களைக் கூப்பிடலாம். அதற்கு மனுப் போட்டு ஒன்றரை வருடமாகக் காத்திருந்தேன். கடிதத்தில் மகள் வரைந்த படங்கள் வரும். ஒவ்வொரு படத்திலும் நான் ஒரு ஓரத்தில், மீசையோடு, காலில்லாமல் நின்றேன். காலை ஏன் வரையவில்லை என்று கேட்டு எழுதவேண்டும் என்று நினைப்பேன், பிறகு பயந்து விட்டுவிடுவேன்.

ஊரில் கச்சேரி என்கிற மாவட்ட அரச கந்தோரில் புள்ளிவிவரப் பிரிவு இலிகிதராகக் கணக்கெழுதியவன் நான். இங்கே வந்து உணவகத்தில் கோப்பை கழுவினேன். இலக்கங்களை வேகமாகத் தட்டக்கூடிய ஆள் தேவை என்று ஒரு சிறிய கணினிக் கந்தோரில் கேட்டிருந்தார்கள். மதாம்தான் சோதித்தார். ஒரு தாள் நிறைய எண்களைத் தந்து, மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டு நின்றார். விசைகளைப் பாராமலே தட்டி முடித்தேன். ஒரு பிழையும் இல்லை. "திங்கக்கிழமை வந்துடுங்க" என்றார். கால்வாய்ப் பக்கத்தில் ஒரு பழைய கட்டடத்தின் நிலக்கீழ் அறை அது. ஜன்னல் கிடையாது. மழை பெய்கிறதா வெயில் எறிக்கிறதா என்று அறிய மாடிப்படி ஏறவேண்டும். அந்தக் கிடங்கில் இருந்துகொண்டு, தரையிலிருந்து சில நூறு கிலோமீற்றர் உயரத்தில் இருக்கும் காற்றைக் கணக்குப் பார்த்தோம்.

அந்த உயரத்தில் காற்று இருக்கிறது என்பதே எனக்குப் புதினமாக இருந்தது. இருக்கிறதாம், மிக மிகக் கொஞ்சம். ஆனால் செயற்கைக்கோள் அந்தக் கொஞ்சத்துக்குள்ளால்தான் நாள் முழுக்க ஓடுகிறது. ஓட ஓட அது கோளைச் சிறிது சிறிதாகக் கீழே இழுக்கும். எவ்வளவு இழுக்கும் என்று தெரிந்தால்தான் கோள் எத்தனை வருடம் நிற்கும், எவ்வளவு எரிபொருள் ஏற்றவேண்டும், நாளைக்கு எத்தனை மணிக்கு எந்த இடத்தில் வரும் என்று சொல்லலாம். சிக்கல் என்னவென்றால் அந்தக் காற்று ஒரு நாளைப்போல ஒரு நாள் இருப்பதில்லை. சூரியன் கொதித்தால் அதுவும் சூடேறிப் பொங்கி மேலே வரும். மதாம் எழுதிய கணினி நிரல் இதைத்தான் கணித்தது. நாள், நேரம், இடம், உயரம், இவற்றோடு சூரியனின் அன்றைய அளவையும் பூமியின் காந்தம் எவ்வளவு குழம்பியிருக்கிறது என்பதையும் கொடுத்தால், அங்கே காற்று எவ்வளவு அடர்த்தி என்று சொல்லும். காந்தக் குழப்பத்துக்கு மூன்று மணிநேரத்துக்கு ஒன்றாக நாளைக்கு எட்டு எண்கள். பூச்சியம் என்றால் அமைதி, ஒன்பது என்றால் உச்சம். முந்திய நாளின் எண்கள் காலையில் தெலெக்ஸில் வரும். அவற்றைத் தட்டுவது என் வேலை. எதையாவது திருத்தினால் பதிவுக் கொப்பியில் காரணத்தோடு எழுதி ஒப்பமிடவேண்டும்.

மதாம் தன் மேசையில் ஒரு நீளமான கட்டத்தாளை விரித்து வைத்திருப்பார். நிரல் சொன்னதை நீலத்தால் குறிப்பார். கோள் உண்மையில் எவ்வளவு இறங்கியது என்று இரண்டொரு நாள் கழித்துத் தகவல் வரும், அதைச் சிவப்பால் குறிப்பார். நீலமும் சிவப்பும் ஒன்றின்மேல் ஒன்று போனால் அன்றைக்குப் பேச்சுக் குறைவு. விலகினால்தான் மனுசிக்கு உயிர் வரும். விலகிய இடத்தைச் சிவப்பால் சுற்றிச் சுற்றிப் போட்டுக்கொண்டே இருப்பார். அதனால்தான் சிவப்பு சீக்கிரம் தேய்ந்தது. மதியத்தில் பாண் ரொட்டிக்குள் எலுமிச்சை ஊறுகாய் வைத்துச் சாப்பிட்டுக்கொண்டு கட்டத்தாளைத் திட்டுவார், பிரெஞ்சிலும் தமிழிலும் மாறி மாறி. மூன்று வருடமாக அந்த நிரலில் ஒரு புதிய பகுதியைச் சேர்த்துக்கொண்டிருந்தார். காந்தம் கொந்தளிக்கிற நாட்களில் பழைய கணக்குகள் பிழைத்துப்போகும், தன்னுடையது பிழைக்காது என்று காட்டவேண்டும். காட்டினால் தெற்கே விண்வெளிப் பொறியியலாளர்கள் இருக்கும் நகரத்தில் அவருக்கு நல்ல வேலை கிடைக்கும். அந்தக் கிடங்கிலிருந்து வெளியேற அவருக்கு அது ஒன்றுதான் வழி.

இனி என் குற்றத்துக்கு வருகிறேன். அது அந்த அறையில் தொடங்கவில்லை. கச்சேரியில் மழைக் கணக்கு எழுதிய காலத்திலேயே தொடங்கியது. ஒரு மழைமானி மட்டும் ஊரோடு ஒத்துவராமல் கூடக் காட்டினால், பக்கத்து மானிகளின் சராசரியைப் போடச் சொல்லுவார் பிரதம இலிகிதர். கொழும்பிலிருந்து விளக்கம் கேட்டுக் கடிதம் வராமல் இருக்க அதுதான் வழி. பத்து வருடம் அந்த வேலை பார்த்தேன். எங்கேயாவது ஓர் எண் தலையைத் தூக்கினால் என் கை தானாக அதை அமத்திவிடும்.

லா சப்பலுக்கு வந்தபிறகு என் வாழ்க்கைக்கும் அதே வைத்தியம் நடந்தது. எங்கள் பகுதியில் அகதிக் கேஸ் எழுதிக் கொடுக்கிற அண்ணை ஒருவர் இருந்தார். நல்ல மனிதர், எங்கள் ஆட்களுக்காக ஓடி ஓடி உழைத்தவர். நான் நடந்ததைச் சொன்னேன். ஆமி முகாமுக்குப் பிடித்துக்கொண்டு போய் ஐந்து நாள் வைத்திருந்து பிறகு விட்டது. அதன்பிறகு எட்டு மாதம் நான் ஒழுங்காகக் கந்தோருக்குப் போய்வந்தேன். பிறகு ஒரு நாள் ஊரைவிட்டு வெளிக்கிட்டேன். அண்ணை எழுத்தை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "எட்டு மாசம் வேலைக்குப் போனனான் எண்டு சொன்னால், 'அப்ப உனக்குப் பயமில்லைத்தானே' எண்டு கேப்பாங்கள். அதை விடும். பிடிச்சாங்கள், அடிச்சாங்கள், விட்டாங்கள், வெளிக்கிட்டன். முடிஞ்சுது." எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. எட்டு மாதத்தையும் தூக்கிவிட்டோம். கதை வழுவழுப்பாக வந்தது.

அந்த மனு நிராகரிக்கப்பட்ட கடிதம் ஒரு புதன்கிழமை பின்னேரம் வந்தது. கூற்றில் தனிப்பட்ட விவரங்கள் எவையும் இல்லை, நம்பும்படியாக இல்லை என்று எழுதியிருந்தது. மேன்முறையீட்டுக்கு ஒரு மாதம். அதுவும் தோற்றால் வேலை செய்கிற அனுமதியும் போய்விடும், மனைவியும் மகளும் வருகிற கதையே இல்லை. வியாழக்கிழமை காலை வேலைக்குப் போனேன். தெலெக்ஸில் முந்திய நாளின் எட்டு எண்கள் வந்திருந்தன. ஐந்து, ஐந்து, ஏழு, எட்டு, பிறகு ஒன்பது, ஒன்பது, ஒன்பது, ஒன்பது. அதுவரை அங்கே நான் ஒன்பதைக் கண்டதே இல்லை. தெலெக்ஸ் அவ்வப்போது கோளாறு பண்ணும், எழுத்துகளை மாற்றி அடிக்கும். இதுவும் அதுதான் என்று எனக்கு நானே சொன்னேன். உள்ளே எங்கேயோ சந்தேகம் இருந்தது. போய்க் கேட்டிருக்கலாம். கேட்டால் எல்லாரும் என்னைப் பார்ப்பார்கள், அன்றைக்கு என்னை எவரும் பார்க்கக் கூடாது என்று இருந்தது. முந்திய நாட்களைப் பார்த்து, ஒன்பதுகளை ஐந்தாக்கி, ஏழையும் எட்டையும் இறக்கித் தட்டினேன். கொப்பியில் எழுதவில்லை. தெலெக்ஸ் தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டேன்.

திங்கட்கிழமை தொலைபேசி வந்தது. கோளைப் பின்தொடரும் நிலையத்தின் அன்டெனா, நாங்கள் சொன்ன நேரத்துக்குத் திரும்பிப் பார்த்தபோது கோள் அங்கே இல்லை. காற்று இழுத்தால் கோள் பிந்திவரும் என்றுதான் நான் நினைத்திருந்தேன். அப்படியில்லை, கீழே இறங்க இறங்க வேகம் கூடி முந்திவிடுமாம். இருபது விநாடிக்கு மேல் முந்திப் போய்விட்டது. கந்தோர்த் தலைவர் படியிறங்கி வந்து, புதிய பகுதியைத் தூக்கிவிட்டுப் பழைய நிரலையே பாவிக்கலாம் என்றார். மதாம் ஒரு கிழமை தரும்படி கேட்டார். நிரல் முழுவதையும் துளைபோட்ட நீளத்தாளில் அச்சடித்து, நிலத்தில் விரித்து, சப்பாத்தைக் கழற்றிவிட்டு முழங்காலில் இருந்து வரி வரியாகத் தேடினார். தன்னுடைய சமன்பாடுகளில் பிழை தேடினார். நான் மூன்று அடி தள்ளி இருந்து அன்றைய எண்களைத் தட்டிக்கொண்டிருந்தேன். தெலெக்ஸ் தாள் என் பையில் இருந்தது.

மூன்று நாள் அப்படி இருந்தேன். வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் எழுதுகிறேன். சொன்னால் வேலை போகும், வேலையில்லாதவனாக மேன்முறையீட்டில் போய் நிற்கவேண்டும் என்று ஒரு பக்கம். சொல்லாவிட்டால் இந்தப் பெண்ணின் மூன்று வருடம் போகும் என்று மறுபக்கம். எந்தப் பக்கம் திரும்பினாலும் சுவர். நாலாம் நாள் மதாம் நிலத்தில் இருந்தபடியே, யாருக்கோ சொல்வதுபோல, "எனக்குத் தெரியாத வேலைக்கு வந்துட்டேன் போல இருக்கு" என்றார். அவ்வளவுதான், என்னால் தாங்க முடியவில்லை. தாளை எடுத்து அவர் முன்னால் வைத்தேன். "இதுதான் வந்தது மதாம். நான்தான் மாத்தினனான்."

அவர் தாளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். குரலை உயர்த்தவில்லை. "எதுக்கு மாத்துனீங்க?" என்றார்.

"மற்ற நாளுகளோடை ஒத்துவரேல்லை."

"ஒத்துவராத நாளுக்காகத்தான் முசியே நான் மூணு வருஷமா இந்தக் கிடங்குல உக்காந்திருக்கேன்" என்றார். பிறகு எழுந்து, சப்பாத்தைப் போட்டுக்கொண்டு, சரியான எண்களைத் தானே தட்டினார். நிரல் ஓடி முடிந்தது. கட்டத்தாளில் நீலக் கோடு மலைபோல ஏறிப்போய்ச் சிவப்பின்மேல் படிந்தது. முற்றாக இல்லை, ஓரிரு இடத்தில் விலகியது. ஆனால் அது அவருடைய கணக்குத்தான், வேலை செய்தது. நான் அழுதேன். மதாம் அழவில்லை. பதிவுக் கொப்பியை என் பக்கம் தள்ளி, "எழுதுங்க. நடந்தத நடந்த மாதிரி எழுதுங்க" என்றார்.

எழுதி ஒப்பமிட்டேன். அவர் என்னைக் காப்பாற்றவில்லை. தலைவரிடம் கொப்பியை அப்படியே காட்டினார். அந்த மாத முடிவோடு என்னை நிறுத்திவிட்டார்கள். அதில் அநியாயம் ஒன்றும் இல்லை. கடைசி நாளில் பையை எடுத்துக்கொண்டு படியேறியபோது பின்னாலேயே வந்தார். "உங்க அகதி தோசியேயும் இப்படித்தான் மாத்தி எழுதினீங்களா?" என்று கேட்டார். கேஸ் நிராகரிக்கப்பட்ட விஷயம் எப்படியோ தெரிந்திருந்தது.  "சனிக்கிழமை கொண்டாங்க. நான் ஒண்ணும் புண்ணியம் தேடல, உங்க மேல இருக்கிற கோபம் இன்னும் அப்படியேதான் இருக்கு" என்றார்.

லா சப்பல் மெத்ரோப் பாலத்தின் கீழே ஒரு தேத்தண்ணிக்கடை. இரண்டு சனிக்கிழமை அங்கே இருந்தோம். தலைக்கு மேலே ஒவ்வொரு ரயிலும் போகும்போது கோப்பை நடுங்கும். பழைய கூற்றை வாசித்துவிட்டு மதாம் சிவப்பு முனையால் இடம் இடமாகச் சுற்றினார், ஒத்துவராத நாட்களைச் சுற்றுவதுபோல. இது ஏன் இவ்வளவு ஒழுங்கு, இங்கே எட்டு மாதம் எங்கே, அந்த எட்டு மாதம் என்ன செய்தீர்கள். கேட்கக் கேட்க வந்தது. ஒவ்வொரு நாளும் வேறு வேறு பாதையால், ஒழுங்கைகளுக்குள்ளால் கந்தோருக்குப் போனது. வராவிட்டால் தேடுவார்கள் என்பதற்காகவே ஒரு நாளும் லீவு எடுக்காதது. ஜீப் சத்தத்துக்கு மேசையின் கீழே பேனா தேடுகிறமாதிரிக் குனிந்தது. கடைசியாக, எவருக்கும் சொல்லாத ஒன்றையும் சொன்னேன். இரண்டு கிழமைக்கு முன்பே பயணத்தை ஒழுங்கு செய்துவிட்டேன், மனைவிக்குச் சொல்லவில்லை. சொன்னால், ஆமி கேட்கும்போது அவளுக்குத் தெரிந்ததாகிவிடும். ஒவ்வொரு நாளும்போலக் கந்தோருக்கு வெளிக்கிட்டு, அப்படியே கொழும்புக்குப் போனேன். அங்கிருந்து அவளுக்கு எழுதிய முதல் கடிதத்தில், கந்தோருக்குப் போன இடத்தில் திடீரென்று வாய்ப்பு வந்தது என்று பொய் எழுதினேன்.  மதாம் அதையும் பிரெஞ்சில் எழுதினார். போகும்போது பென்சிலை மேசையில் மறந்துவிட்டுப் போனார்.

மேன்முறையீட்டில் என்னை ஏற்றுக்கொண்டார்கள். எட்டு மாதத்தைப் பற்றித்தான் அதிகம் கேட்டார்கள். அடுத்த வருடம் மனைவியும் மகளும் வந்து இறங்கினார்கள். மகள் என் காலைத்தான் முதலில் பார்த்தாள் என்று இன்றைக்கும் எனக்கு ஒரு நினைப்பு. மதாமை அதன்பிறகு ஒரே ஒரு தடவை, மெத்ரோ மேடையில் கண்டேன். தெற்கு நகரத்துக்குப் போகவில்லையாம், தகப்பனார் படுக்கையில். புதிய பகுதியைப் பற்றிய அறிக்கை தலைவரின் பேரில் வெளியானதாம். "ரப்போர்ல எம்பேரே இல்ல" என்று சிரித்தார். எனக்கு அந்தச் சிரிப்புப் பிடிக்கவில்லை. குடும்பம் வந்துவிட்டது என்று சொன்னேன். "அப்போ ஒருத்தராவது வெளிய வந்துட்டீங்க" என்றார். ரயில் வந்தது, ஏறிவிட்டார். பென்சிலைப் பற்றிச் சொல்ல மறந்துபோனேன். அவருடைய கணக்கு இன்றும் எங்கேயாவது ஓடிக்கொண்டிருக்கும் என்று நினைக்கிறேன். அப்படி நினைத்தால் கொஞ்சம் ஆறுதல்.

போன மாதம் ஒரு ஞாயிறு மத்தியானம் மகள் ஏதோ பத்திரம் தேடி அலுமாரியைக் கிண்டினாள். அவளுக்கே இப்போது பெரிய பிள்ளைகள். மேன்முறையீட்டுக் கூற்றின் பிரதி கையில் அகப்பட்டுவிட்டது. தாய் பயற்றங்காய் முறித்துக்கொண்டிருந்தாள். மகள் பிரெஞ்சை வாசித்து வாசித்து, தனக்குத் தெரிந்த தமிழில் தாய்க்குச் சொல்லத் தொடங்கினாள்.  இத்தனை வருடத்தில் அந்தக் காலையைப் பற்றி நானும் என் மனைவியும் ஒரு சொல்லும் பேசியதில்லை. இரண்டு கிழமைக்கு முன்பே முடிவு செய்தது, மனைவிக்குச் சொல்லாதது, எல்லாம் மகளின் வாயால் வந்தது. மனைவி பயற்றங்காயை முறித்துக்கொண்டே இருந்தாள். "'ஒவ்வொரு நாளும்போல சாப்பாட்டுப் பெட்டியை எடுத்துக்கொண்டு வீட்டிலிருந்து புறப்பட்டேன்'" என்று மகள் வாசித்தாள்.

"இல்லை" என்றாள் மனைவி.

நாங்கள் இருவரும் அவளைப் பார்த்தோம்.

"பெட்டியை நீங்கள் எடுக்கேல்லை. மேசையிலை வைச்சிட்டுப் போனீங்கள். அந்த எட்டு மாசத்திலை ஒரு நாளும் மறக்காத மனுசன். கண்ட உடனை எனக்கு விளங்கீட்டுது. வாசல் படலை வரைக்கும் ஓடி வந்தனான். நீங்கள் இன்னும் சந்தி திரும்பேல்லை." பயற்றங்காய்ச் சுளகைக் கொஞ்சம் தள்ளி வைத்தாள். "கூப்பிட்டால் திரும்பி வந்திடுவீங்கள் எண்டுதான் கூப்பிடேல்லை."

நடந்ததை நடந்த மாதிரி எழுதிவிட்டேன் என்று இத்தனை வருடம் நம்பியிருந்தேன். அதிலும் ஓர் எண்ணைத் தெரியாமலே அமத்தியிருக்கிறேன். மதாம் கேட்ட எல்லாக் கேள்விக்கும் பதில் சொன்னவன், பெட்டியை மட்டும் வழக்கம்போலக் கையில் தூக்கிவிட்டேன். லாச்சியைத் திறந்து பென்சிலை எடுத்தேன். மரத்தைக் கத்தியால் சீவினேன், உள்ளே சிவப்பு இன்னும் இருந்தது. அந்த வரியைச் சுற்றி, ஓரத்தில் "பெட்டி மேசையில் இருந்தது" என்று தமிழில் எழுதினேன். இனி இதைத் திருத்தி என்ன பயன் என்று மகள் பிரெஞ்சில் கேட்டாள்.  மனைவி என் கையிலிருந்து பென்சிலை வாங்கி, திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, தானே கொண்டுபோய் லாச்சியில் வைத்தாள்.